ஒன்றின் இடத்தில் மற்றொன்று

பாலக்காட்டுக் கணவாயின் கிழக்கெல்லையில் கொழிஞ்சாம்பாறை, வேலந்தாவளம் முதலிய ஊர்களிலும், இடுக்கி மலையில் குமுளி, மறையூர், மூணாறு முதலிய ஊர்களிலும் தமிழ் பேசும் குடும்பங்கள் பல உள. 1956-ஆம் ஆண்டு நவம்பர் முதல் நாள் கேரள மாநிலம் அமைந்தபோது இவ்வூர்கள் அதனுள் அடங்கின. ஆயினும் அங்குத் தமிழ்வழிப் பள்ளிகள் உண்டு; பத்தாம் வகுப்புத் தேர்வையும் தமிழில் எழுதலாம். தமிழ் வகுப்பில் ‘சமன்பாடு’ எனப்படுவது, அடுத்த மலையாள வகுப்பில் ‘சமவாக்கியம்’ ஆகும். பெயர் இரண்டு, பொருள் ஒன்றே.

அத்தகைய பள்ளியொன்றில் பயின்ற நாம் இன்று தலைநகரில் மொழிபெயர்ப்புப் பணி புரிகிறோம். எம் மகளுக்குப் பாடம் ஆங்கிலத்தில். அண்மையில் ஒருநாள் அவள், “அப்பா, இரண்டு சமன்பாடுகளைத் தீர்க்கும் முறை விளங்கவில்லை, மனப்பாடம் செய்துகொள்கிறேன்” என்றாள். விளங்காததை மனப்பாடம் செய்யும் பிள்ளை நாளடைவில் கணக்கையே வெறுத்துவிடும் என அஞ்சினோம். பாடநூலை மூடிவிட்டு, வீட்டுத் தமிழில் தொடங்கினோம்.

கொழிஞ்சாம்பாறைத் தேங்காயும், 2019-இல் புவிசார் குறியீடு பெற்ற மறையூர் வெல்லமும் வாங்குவதாகக் கொள்வோம். முதல் நாள் மூன்று தேங்காயும் ஒரு கிலோ வெல்லமும் 170 ரூபாய். மறுநாள் இரண்டு தேங்காயும் மூன்று கிலோ வெல்லமும் 300 ரூபாய். விலை மாறவில்லை. தனித்தனி விலை யாது?

முதல் நாட் செய்தியின்படி, ஒரு கிலோ வெல்லத்தின் விலை என்பது 170-இல் மூன்று தேங்காயின் விலை போக எஞ்சியது. எனவே, வெல்லம் வருமிடத்தில் இதனை வைக்கலாம். மறுநாள் வாங்கியது மூன்று கிலோ. அதன் இடத்தில் 510-இல் ஒன்பது தேங்காயின் விலை போக எஞ்சியதை வைக்கிறோம். வெல்லம் மறைந்தது, தேங்காய் ஒன்றே நின்றது. 510-உடன் இரண்டு தேங்காயின் விலையைக் கூட்டி, ஒன்பது தேங்காயின் விலையைக் கழித்தால் 300. ஆகவே ஏழு தேங்காய் 210 ரூபாய். தேங்காய் ஒன்று 30 ரூபாய். வெல்லம் கிலோ 80 ரூபாய். இதுவே பிரதியிடும் முறை.

இங்கே ஒரு பிழைக்கு இடமுண்டு. ஒன்பதாம் வகுப்பில் நாம் முதற் சமன்பாட்டிலிருந்து பெற்றதை மீண்டும் முதற் சமன்பாட்டிலேயே வைத்தோம். 170 சமம் 170 என்று வந்தது. ஆசிரியர் நகைத்து, “சொன்னதையே திரும்பச் சொன்னால் புதுச் செய்தி ஆகுமா?” என்றார். அறியாதவை இரண்டெனின், வெவ்வேறான செய்திகள் இரண்டு வேண்டும். மறுநாள் ஆறு தேங்காயும் இரண்டு கிலோ வெல்லமும் 340 ரூபாய்க்கு வாங்கியிருந்தால், அது முதற் செய்தியின் இரட்டிப்பே, விலை வெளிப்படாது. 350 ரூபாய் என்று பட்டியல் வந்தாலோ, விலை ஏறியிருக்க வேண்டும். அன்றேல் பட்டியல் தவறு. இதனை அறிந்தவரைக் கடைக்கணக்கில் ஏமாற்றுதல் எளிதன்று.

இத்தகைய கணக்கு நம் நாட்டுக்குப் புதியதன்று. ஒன்பதாம் நூற்றாண்டில் மகாவீரர் இயற்றிய ‘கணித சார சங்கிரகம்’ என்னும் வடமொழி நூலை, ரங்காச்சாரியார் ஆங்கில மொழிபெயர்ப்புடன் 1912-இல் சென்னையில் பதிப்பித்தார். அதில் ஒரு வினா: ஒன்பது நாரத்தம்பழமும் ஏழு விளாம்பழமும் சேர்ந்து விலை 107, ஏழு நாரத்தம்பழமும் ஒன்பது விளாம்பழமும் 101. தனி விலை என்ன?

எம் மகள் இதனைத் தானே செய்து, நாரத்தை 8, விளாம்பழம் 5 என்றாள். பிறகு, நாம் சொல்லாமலே, அவ்விடையை இரு செய்திகளிலும் வைத்துச் சரிபார்த்தாள். மனப்பாடம் பற்றிய பேச்சு அதன்பின் எழவில்லை.

வெளி மாநிலங்களில் வாழும் பெற்றோர், “பிள்ளையின் பாடமொழி வேறு, நாம் என்ன சொல்லிக்கொடுக்க முடியும்?” என்று ஒதுங்க வேண்டுவதில்லை. பொருளை வீட்டு மொழியில் விளக்குங்கள். பள்ளியின் சொல்லை அதன் இடத்தில் பிள்ளையே வைத்துக்கொள்ளும்.