காமிராவின் முன் ஒரு சொல்

மும்பையில் டிராம்பேயை ஒட்டியுள்ளது சீத்தா கேம்ப். 1976-ஆம் ஆண்டு ஜனதா காலனியினின்றும் அகற்றப்பெற்ற மக்கள் இங்கே குடியேற்றப்பட்டனர். அவருள் தமிழர் பலர்.

அண்மையில் நாம் அங்குச் சென்றிருந்தபோது, தொலைக்காட்சியினர் மூதாட்டியார் ஒருவரிடம் தண்ணீர் வசதியைப் பற்றி வினவினர். சற்று முன்வரை குழாயடியில் நெல்லைத் தமிழில் பொரிந்துகொண்டிருந்தவர், முந்தானையைச் சரிசெய்துகொண்டு, "சப் டீக் ஹை" என இந்தியில் முடித்துவிட்டார். காமிரா அகன்ற பின்னர், "உள்ளதச் சொன்னா இருக்குத கொழாயும் போயிரும்லா, தம்பி" என்றார். இதனைப் பொய் எனத் தள்ளிவிடலாமா? வீடு இடிபடக் கண்டவரின் எச்சரிக்கை என்றே நாம் கொள்கிறோம். (அவர் பெயரை நாமும் சொல்லப்போவதில்லை.)

காமிராவுக்கு எல்லோரும் அடங்கிவிடுவதுமில்லை. ஆனந்த் பட்வர்தன் மும்பைக் குடிசைவாசிகளைப் பற்றி 1985-இல் வெளியிட்ட 'ஹமாரா ஷஹர்' என்னும் ஆவணப்படத்தில், ஒரு பெண்மணி படமெடுப்பவரையே சினந்துகொள்கிறார். ஏழைகளைப் படம்பிடித்துப் பெயர் தேடுகிறீரா என்னும் பொருள்படக் கேட்கிறார். பட்வர்தன் அதனை வெட்டி எறியவில்லை, படத்திலேயே வைத்தார்.

நம் மூதாட்டியாரின் முதல் வாக்கியமே தொலைக்காட்சிக்குக் கிடைத்தது. இரண்டாவதைக் கேட்டவர்கள் நாமும், குடத்துடன் வரிசையில் நின்ற மூன்று பெண்களுமே.