வேர் பிறழ்ந்த வெறுப்புச் சொல்



ஒரு சொல்லின் வேரைப் பிழைபடக் கொண்டால் என்ன கேடு வந்துவிடும்? அகரமுதலியில் ஒரு வரி பிழையாகும். அவ்வளவுதானே எனக் கேட்பாரும் உளர். கேடு அவ்வளவில் நில்லாது என்பதற்கு ஆங்கில மொழியே ஒரு சான்று தருகின்றது. கடும் அருவருப்பைக் குறிக்கும் 'அபாமினேசன்' என்னும் சொல்லே அச்சான்று.

இச்சொல்லின் தாயகம் இலத்தீன். 'அப்' என்னும் முன்னொட்டு, அகலுதல், நீங்குதல் என்னும் பொருளது. 'ஓமென்' என்பது வருவதை முன்னுணர்த்தும் குறி. இரண்டும் சேர்ந்து பிறந்த வினை, தீக்குறி கண்டவன் 'இஃது என்னைச் சாராது அகல்க' என வேண்டி விலக்குதலைக் குறித்தது. ஆகவே, இச்சொல்லின் முதற்பொருள் அருவருப்பன்று, அச்சத்தால் விலக்குதலே. விலக்கப்படுவது வெறுக்கப்படுவதும் ஆதல் இயல்பாதலின், வெறுப்புப் பொருள் பின்னர்ப் படிந்தது.

உரோமர் குறிபார்த்தலில் ஊறியவர்கள். பறவையின் பறப்பும் குரலும் கண்டு நலந்தீங்கு தேர்ந்தனர். பறவைக்கும் குறிக்கும் 'புள்' என ஒரே பெயர் வைத்த தமிழர்க்கு இது புதிதன்று. யாரோ எதற்கோ சொன்ன சொல்லைத் தம் செயலுக்குக் குறியாகக் கொள்ளும் வழக்கமும் உரோமரிடை இருந்தது. தொல்காப்பியம் வெட்சித் திணையில் கூறும் விரிச்சியும் இத்தகையதே.

ஒரு நிகழ்ச்சியைக் கேளுங்கள். கி.மு. 55இல் கிராசசு என்னும் உரோமப் படைத்தலைவன், பார்த்தியர்மேற் படையெடுப்பதற்காகப் புருண்டிசியம் துறையிற் கப்பலேற நின்றான். அங்கே ஒருவன் காவுனசு என்னும் ஊரின் அத்திப்பழத்தை 'காவுனேயாசு, காவுனேயாசு' எனக் கூவி விற்றான். அக்கூவலை விரைந்து கேட்பின், இலத்தீனில் 'போகாதே, எச்சரிக்கை' என்பது போலவும் ஒலிக்கும். கிராசசு போனான், கி.மு. 53இல் காரே என்னுமிடத்தில் தோற்று மாண்டான். குறிபார்த்தலை ஆராய்ந்த தம் நூலில் சிசரோ இதனைக் குறிப்பிடுகின்றார்; ஆயினும் இதனை ஒப்பினாரல்லர். இவற்றையெல்லாம் குறியெனக் கொள்ளின், கால் இடறலையும் தும்மலையும் கூடக் குறியெனக் கொள்ள வேண்டிவரும் என்று எள்ளுகின்றார். இத்தகைய சொல் காதில் விழுந்தபொழுது, உரோமன் அஞ்சி அதனை விலக்கிய செயலே நம் சொல்லின் வேர்.

இனி, பிழை நுழைந்த வழியைக் காண்போம். இச்சொல் பிரெஞ்சு வழியாக 14ஆம் நூற்றாண்டில் ஆங்கிலம் புகுந்தது. இலத்தீனில் மாந்தனுக்கு 'ஃகோமோ' என்று பெயர். இடைக்கால எழுத்தாளர் 'ஓமென்' என்னும் வேரை மறந்து, இச்சொல் 'மாந்தனினின்று நீங்கியது' என்னும் பொருள்பட வந்ததெனக் கருதினர். அக்கருத்துக்கு ஏற்ப, இல்லாத ஓர் எழுத்தையும் நடுவே செருகினர். அது மூச்சொலியாகிய, ஆங்கில நெடுங்கணக்கின் எட்டாம் எழுத்து. 14ஆம் நூற்றாண்டின் இறுதியில் எழுந்த விக்கிளிபு விவிலிய மொழிபெயர்ப்பிலும் இவ்வெழுத்து ஏறிவிட்டது.

1598இல் அச்சேறிய சேக்சுபியரின் நகைநாடகம் ஒன்றில் ஓலோபர்னசு என்னும் பள்ளியாசிரியன் வருகின்றான். அந்த எட்டாம் எழுத்தை ஒலியாது விடுகின்ற ஒருவன்மேல் அவன் சீறுகின்றான். கற்றவன் எனச் செருக்குற்ற அவ்வாசிரியன் காக்க முனைந்தது பிழையையே! எழுத்தைத் தவறவிட்டவன் நா மெய்யான வேரோடு ஒத்து நின்றது. புலமை பேசியவன் நாவோ வேரைப் பிரிந்து நின்றது. கற்பிக்கும் தொழிலுடையார் நெஞ்சிற் பதிக்க வேண்டிய காட்சி இது.

பின்னர் அவ்வெழுத்து உதிர்ந்தது. ஆனால், அஃது ஊட்டிய பொருள் எளிதில் உதிரவில்லை. 'மாந்தத்தன்மையற்றது, விலங்கனையது' என்னும் சாயல் சொல்லின்மேல் வலுவாகப் படிந்துவிட்டது.

இதில் என்ன தீங்கு என்பீராயின், கூர்ந்து நோக்குங்கள். மூலப்பொருளில் இச்சொல் அஞ்சி விலக்குகின்றவன் செயலைச் சொல்லிற்று. பொய்வேர் புகுந்தபின், விலக்கப்படுவதன் இயல்பையே சொல்வதாயிற்று. 'நான் அஞ்சி விலகுகின்றேன்' என்பது ஒன்று. 'நீ மாந்தனே அல்லை' என்பது முற்றிலும் வேறொன்று. முன்னது தன் நெஞ்சின் நடுக்கம். பின்னது பிறன்மேற் சுமத்தும் பழி.

1611இல் வெளிவந்த ஆங்கில விவிலியத்தில் இச்சொல் பலவிடத்தும் வருகின்றது. தமிழ் விவிலியம் அதனை 'அருவருப்பு' என்கின்றது. அதன் முதல் நூலில், எபிரேயரோடு ஒருங்கிருந்து உண்பதும், ஆடு மேய்ப்போரும் எகிப்தியர்க்கு அருவருப்பு எனக் கூறப்படுகின்றது. அருவருக்கப்பட்டோர் யாவர்? பசித்து வந்த யோசேப்பின் உடன்பிறந்தார். உழைத்துண்ணும் மக்கள். அருவருப்பு எகிப்தியர் நெஞ்சில் இருந்ததேயன்றி எபிரேயர் உடம்பில் இருந்ததன்று. உடனுண்ண மறுக்கும் கொடுமை எந்நாட்டில் நிகழினும், உண்மை இதுவே.

தொல்காப்பியர் எண்வகை மெய்ப்பாட்டுள் ஒன்றாக இளிவரலை வைத்தார். அது பிறக்கும் நிலைக்களன் நான்கென்றார்: மூப்பு, பிணி, வருத்தம், மென்மை. இந்நான்கனுள் மாந்தர்க்கு அயலானது எது? மூப்புறாதவர் யார்? பிணியுறாதவர் யார்? இளிவரல் மாந்த வாழ்வின் உள்ளிருந்தே எழுவது என்பதே அவ்வகுப்பினாற் பெறப்படும் உண்மை.

ஆங்கிலத்தார் தம் சொல்லின் பொய்யெழுத்தைக் களைந்துவிட்டனர். வேரையும் தம் அகரமுதலிகளில் திருத்திக்கொண்டனர். பிழையெனத் தெரிந்தபின் திருத்திக்கொள்வதே புலமைக்கு அழகு. ஓசை ஒத்தது கண்டு வேர் கூறற்க. வேர் காணாமற் பொருள் கூறற்க. ஒருவரை இழித்துரைக்க வாய் திறக்குமுன், அச்சொல் அவரைக் காட்டுகின்றதா, நம் நெஞ்சைக் காட்டுகின்றதா என்று ஒருமுறை எண்ணுக.

வாழ்க தமிழ்!