சந்தேகம் சாட்சி ஆகாது

(திருமங்கலத்தில் படிப்பு வட்டக் கூட்டமொன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)

கவிதை வாசிப்பேன்னு நினைச்சு வந்திருப்பீங்க. இன்னைக்குக் கவிதை இல்ல. சார்ஜ் ஷீட் என்கிற ஒரு காகிதத்தைப் பத்திப் பேசப் போறேன்.

நான் வங்கி எழுத்தர். பல வருஷத்துக்கு முந்தி, நான் இருந்த கிளையில் ஒருநாள் சாயங்காலம் கணக்கு முடிக்கையில் ஐயாயிரம் ரூபாய் குறைந்தது. எண்ணியவர் கேஷியர், கட்டியவரும் கேஷியர். ஆனா அத்தனை கண்ணும் போய் நின்னது, பெட்டி தூக்குன பியூன் மேல. நம்ம சேரி ஆள். யாரும் கேட்கவில்லை, அவராகவே சட்டைப்பையை வெளியே இழுத்துக் காட்டினார். அரைமணி கழித்து, வரவில் ஐயாயிரம் கூடுதலாகப் பதிந்திருந்த செலான் ஒன்று அகப்பட்டது. கணக்கு நேரானது. அந்தச் சட்டைப்பை இன்னும் என் கண்ணை விட்டுப் போகல.

செலான் கிடைக்காமல் போயிருந்தால்?

அன்றைய திருமங்கலம் தாலுகாவைச் சேர்ந்த பெருங்காமநல்லூரில், 1920இல் ரேகைச் சட்டத்தை எதிர்த்தவர்களைப் போலீஸ் சுட்டுக் கொன்றது. பிறப்பைப் பார்த்தே திருடன் என்று எழுதிய சட்டம் அது. சுடப்பட்டவர்கள் கள்ளர்கள், அவர்களோடு நமக்குள்ள வழக்கு வேறு. ஆனா சந்தேகமே தீர்ப்பானால் என்ன நடக்கும்னு இந்த மண்ணுக்குத் தெரியும்.

பஞ்சாப் நேஷனல் வங்கியில் பியூனாக இருந்தவர் ரூப் சிங் நேகி. போலீசிடம் அவர் கொடுத்ததாகச் சொல்லப்பட்ட ஒப்புதலை வைத்து டிஸ்மிஸ் செய்தார்கள். 2008 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. துறை விசாரணையில் அந்த ஆவணங்களை நிரூபிக்க ஒரு சாட்சியும் வரவில்லை. முதல் தகவல் அறிக்கை தானாகச் சாட்சியம் ஆகாது. சந்தேகம் எவ்வளவு பலமாக இருந்தாலும் நிரூபணம் ஆகாது என்றது.

இன்னொன்று பசி. கோலார் தங்கவயலில் வேலை பார்த்தவர் பால் அந்தோணி. சஸ்பென்ஷன் காலத்துப் பிழைப்பூதியம் தராமல், அவர் இல்லாமலே விசாரணையை முடித்து வேலையைப் பறித்தார்கள். 1999இல் உச்ச நீதிமன்றம் வேலையைத் திருப்பித் தரச் சொன்னது. வயிற்றைக் காயப்போட்டுவிட்டு 'வந்து வாதாடு' என்பது நியாயமில்லை.

இதைக் கேட்டுட்டு, கோர்ட் நம்ம பக்கம்னு நினைச்சிடாதீங்க. 1996இல் நிகுஞ்ச பிகாரி பட்நாயக் வழக்கில், அதிகாரி வரம்பு மீறிக் கடன் கொடுத்தால், வங்கிக்கு நட்டமே வராவிட்டாலும் ஒழுங்கீனம்தான் என்றது அதே நீதிமன்றம். சாட்சியத்தைத் திரும்ப எடைபோடுவதும் எங்கள் வேலையில்லை என்று உயர் நீதிமன்றங்கள் சாதாரணமாகச் சொல்லும். டெல்லியில் ஜெயித்தவரெல்லாம் விசாரணை அறையில் விழுந்த ஓட்டையைக் காட்டித்தான் ஜெயித்தார். அந்த ஓட்டை ஏட்டில் பதிவாகியிருக்க வேண்டும்.

அம்பேத்கர் தொழிலாளர் உறுப்பினராக இருந்த 1946இல்தான் நிலையாணைச் சட்டம் வந்தது. எது குற்றம் என்பதை முதலாளி முன்கூட்டியே எழுத்தில் வைக்கணும் என்றது. எழுத்தில் இருப்பதை நாம எழுத்தாலதான் எதிர்க்க முடியும்.

அதனால சொல்றேன். வெள்ளைத்தாளில் கையெழுத்துப் போடாதீங்க. 'மன்னிச்சிடுங்க' என்று எழுதிக் கொடுத்தால் விட்டுவிடுவார்கள் என்பதை நம்பாதீங்க. ஆவணங்களின் நகலைக் கேளுங்க. சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்யுங்க. மறுத்தால், மறுத்ததைப் பதிவு செய்யச் சொல்லுங்க. சங்கப் பிரதிநிதியைக் கூட வைத்துக்கொள்ள, இருதரப்பு ஒப்பந்தப்படி வங்கி ஊழியருக்கு உரிமை உண்டு.

சங்கத்துத் தோழர்களே, உங்களுக்கும் ஒரு கேள்வி. அந்தப் பியூன் பையை இழுத்துக் காட்டினபோது, நம்மில் எத்தனை பேர் எழுந்து நின்றோம்? நான் நிற்கவில்லை. அதைச் சொல்லத்தான் வந்தேன்.