பெயர் வைக்கும் வித்தை



அமெரிக்க எழுத்தாளர் உர்சுலா லெ குவின் எழுதி 1968இல் வெளியான ‘எ விசார்ட் ஆஃப் எர்த்ஸீ’ நாவலில், ரோக் என்ற தீவில் மந்திரவாதிகளுக்கென ஒரு பள்ளி உண்டு. ஒரு பொருளின் உண்மைப் பெயரை அறிந்தவனுக்கு அந்தப் பொருள் கட்டுப்படும். அதுதான் அங்கே மந்திரம். மாணவர்கள் பெயர்ப் பட்டியல்களை மனப்பாடம் செய்கிறார்கள்.

ஆனால், பள்ளிக்கு வருமுன் நாயகனுக்குக் குருவாக இருந்த ஓகியன் சொல்வது வேறு. ஒரு செடியின் வேர், இலை, பூ, விதையை எல்லாப் பருவத்திலும் பார்த்தறிந்த பிறகே அதன் உண்மைப் பெயரைக் கற்க முடியும்.

நானோ, ஒரு மாணவனுக்கு முதல் வாரத்திலேயே ‘மெல்லக் கற்பவன்’ என்று பெயர் வைத்தேன். ஆண்டு முழுவதும் அவன் அந்தப் பெயருக்குள்ளேயே அடங்கிப்போனான். மந்திரம் பலித்துவிட்டது.

நம் பிள்ளைகளையும் மூன்று பருவமும் பார்ப்போம். அதுவரை வருகைப் பதிவேட்டில் உள்ள பெயரே போதும்.