தளேகாவின் கண்ணாடி உலை: கற்பனாவாத சோசலிசம் விட்டுச் சென்ற பாடம்



புனே மாவட்டத்தில் உள்ள தளேகாவ் என்றதும் இன்று பலருக்கும் நினைவுக்கு வருவது மோட்டார் தொழிற்சாலைகள். ஆனால் நூறாண்டுகளுக்கு முன்னர் அந்த ஊரின் பெயர் வேறொரு ஆலையோடு சேர்த்தே பேசப்பட்டது. 1908ஆம் ஆண்டு அங்கு தொடங்கப்பட்ட பைசா நிதிக் கண்ணாடி ஆலைதான் அது. கற்பனாவாத சோசலிசம் என்ற கோட்பாட்டை ஐரோப்பிய வரலாற்றின் ஓர் அத்தியாயமாக மட்டும் படிப்பது போதாது. இந்த மண்ணிலும் அதற்கு நெருங்கிய உறவுடைய முயற்சிகள் நடந்துள்ளன. அவற்றின் பெருமையையும் எல்லையையும் ஒருசேர ஆராய்வதே இந்த உரையின் நோக்கமாகும்.

ஒரு பைசாவின் கனவு

அந்தாஜி தாமோதர் காளே என்பவர் முன்வைத்த யோசனை மிக எளிமையானது. நாட்டு மக்கள் ஒவ்வொருவரும் ஆண்டுக்கு ஒரு பைசா தர வேண்டும். அந்த நிதியைக் கொண்டு சுதேசித் தொழில்களை உருவாக்க வேண்டும். அக்காலத்தில் ஒரு ரூபாய்க்கு 64 பைசா. மக்கள் தொகை ஏறத்தாழ 30 கோடி. எல்லோரும் ஒரு பைசா தந்தால் ஆண்டுக்கு 46 லட்சம் ரூபாய்க்கு மேல் சேரும். அந்நிய மூலதனத்திடம் கையேந்தாமல், உள்நாட்டுப் பணக்காரர்களின் தயவையும் எதிர்பாராமல், சாமானிய மக்களே தொழிலுக்கு முதலீட்டாளர்கள் ஆகலாம் என்பதே அந்தக் கணக்கின் பொருள்.

திலகரின் ஆதரவோடு இந்த இயக்கம் வளர்ந்தது. தளேகாவில் ஆலை எழுந்தது. ஜப்பானிலும் அமெரிக்காவிலும் தொழில்நுட்பம் கற்றுத் திரும்பிய ஈஸ்வர் தாஸ் வார்ஷ்ணே அதன் தொடக்கப் பணிகளை நடத்தினார். மணல், சோடா, சுண்ணாம்பு ஆகியவற்றைக் கடும் வெப்பத்தில் உருக்கி, நீண்ட குழாயின் முனையில் எடுத்து ஊதிப் பாத்திரமாக்கும் வித்தையை இளைஞர்கள் அங்கு கற்றனர். ஆலையே ஒரு பள்ளியாகவும் இயங்கியது. அங்கு பயின்றவர்கள் பின்னர் நாட்டின் வேறு பகுதிகளிலும் கண்ணாடித் தொழிலைக் கொண்டு சென்றனர். இது சிறிய சாதனை அல்ல.

எனினும், ஒரு கேள்வி எஞ்சி நிற்கிறது. பைசா கொடுத்தவர்கள் மக்கள். உலையின் முன் நின்று வெந்தவர்களும் மக்கள். அந்த ஆலையின் மீதும் அதன் விளைபொருளின் மீதும் உலையின் முன் நின்றவனுக்கு என்ன அதிகாரம் இருந்தது? தேசத்திற்குத் தொழில் வேண்டும் என்று கூறிய இயக்கம், அந்தத் தொழிலில் உழைப்பவரின் இடம் எது என்று கேட்கவில்லை. 1880களிலும் 1890களிலும் ஆலைச் சட்டம் பற்றிய விவாதம் எழுந்தபோது, லங்காஷயர் முதலாளிகளின் சூழ்ச்சி என்று கூறித் தேசியப் பத்திரிகைகள் பலவும் அச்சட்டத்தை எதிர்த்தன. தொழிலாளியின் குரலாக நின்றவர் ஜோதிராவ் புலேயின் சத்தியசோதக் மரபில் வந்த நாராயண் மேகாஜி லோகாண்டே. 1884ஆம் ஆண்டு பம்பாய் ஆலைத் தொழிலாளர் சங்கத்தைத் தொடங்கி, வார விடுமுறைக்காகப் போராடியவர் அவர்.

ஓவன் கேட்ட கேள்வி

கற்பனாவாத சோசலிஸ்டுகளில் தலைசிறந்தவரான ராபர்ட் ஓவன் இந்தக் கேள்வியைக் கேட்டார் என்பதே அவரது பெருமை. 1800ஆம் ஆண்டு முதல் ஸ்காட்லாந்தின் நியூ லானார்க் நூற்பாலையை அவர் நிர்வகித்தார். வேலை நேரத்தைக் குறைத்தார். சிறு குழந்தைகளை இயந்திரங்களிடமிருந்து மீட்டுப் பள்ளிக்கு அனுப்பினார். பருத்தி கிடைக்காமல் ஆலை நான்கு மாதங்கள் நின்றபோதும் முழுக் கூலி வழங்கினார். ஆலை லாபமும் ஈட்டியது. ஆயினும் ஓவனுக்கு மனநிறைவு ஏற்படவில்லை. அந்த ஊரின் 2,500 பேர் உற்பத்தி செய்யும் செல்வத்தை, அரை நூற்றாண்டுக்கு முன்னர் என்றால் 6 லட்சம் பேர் உழைத்துத்தான் படைத்திருக்க முடியும். 2,500 பேர் நுகர்ந்தது போக மீதி எங்கே சென்றது என்று அவர் வினவினார். பங்குதாரர்களுக்குச் சென்றது என்ற விடையும் அவருக்குத் தெரிந்திருந்தது.

ஆனால், வழியைத் தேடியபோது ஓவன் ஆட்சியாளர்களின் அறிவையும் செல்வந்தர்களின் மனசாட்சியையும் நம்பினார். 1825இல் அமெரிக்காவில் அவர் அமைத்த நியூ ஹார்மனி குடியிருப்பு இரண்டே ஆண்டுகளில் சிதறியது. செல்வத்தின் பெரும்பகுதியை அவர் இழந்தார். பிரான்சின் ஃபூரியேவோ, தன் திட்டத்திற்கு நிதி தரும் செல்வந்தரை எதிர்பார்த்து நாள்தோறும் நண்பகலில் காத்திருந்தார் என்பர். யாரும் வரவில்லை.

இவர்களை எங்கெல்ஸ் ஏளனம் செய்யவில்லை என்பதைத் தோழர்கள் கவனிக்க வேண்டும். 1880இல் வெளியான ‘கற்பனாவாத சோசலிசமும் விஞ்ஞான சோசலிசமும்’ என்ற நூலில், இங்கிலாந்துத் தொழிலாளர்களின் ஒவ்வொரு முன்னேற்றத்தோடும் ஓவனின் பெயரை அவர் இணைத்துப் பேசுகிறார். முதலாளித்துவ உற்பத்தி முதிராத காலத்தில் கோட்பாடும் முதிர்ச்சி பெற முடியாது என்பதே அவரது விளக்கம். அவர்கள் துன்புறும் வர்க்கத்தைக் கண்டனர்; போராடும் வர்க்கத்தைக் காணவில்லை. அந்த இடைவெளியை நிரப்பியது மார்க்சியம்.

1908 காட்டிய வழி

தளேகாவில் உலை மூட்டப்பட்ட அதே 1908ஆம் ஆண்டில் இந்திய வரலாறு இந்தப் பாடத்தைத் தெருவில் எழுதிக் காட்டியது.

தூத்துக்குடியில் வ.உ.சிதம்பரனார் 1906இல் சுதேசிக் கப்பல் நிறுவனத்தைத் தொடங்கியிருந்தார். பத்து லட்சம் ரூபாய் மூலதனம்; 25 ரூபாய் வீதம் 40,000 பங்குகள். பைசா நிதியைப் போன்றே அதுவும் பலரின் சிறு பணத்தை நம்பிய திட்டம். ஆனால் வ.உ.சி. அத்தோடு நிற்கவில்லை. 1908 பிப்ரவரி இறுதியில் கோரல் ஆலைத் தொழிலாளர்கள் கூலி உயர்வும் வார விடுமுறையும் கோரி வேலைநிறுத்தத்தில் இறங்கியபோது, அவர் அவர்களோடு நின்றார். போராட்டம் வென்றது. கப்பல் ஓட்டியதைக் கட்டணப் போட்டியால் முறியடிக்க முயன்ற ஏகாதிபத்தியம், தொழிலாளர்களைத் திரட்டியதும் சிறைக்கதவைத் திறந்தது. மார்ச் 12இல் வ.உ.சி. கைது செய்யப்பட்டார். மறுநாள் திருநெல்வேலி பற்றி எரிந்தது.

ஜூலை 22இல் திலகருக்கு ஆறாண்டு நாடுகடத்தல் தண்டனை விதிக்கப்பட்டது. பம்பாய் ஆலைத் தொழிலாளர்கள் ஆறு நாட்கள் வேலைநிறுத்தம் செய்தனர். இந்தியப் பாட்டாளி வர்க்கம் அரசியல் போராட்டத்திற்கு முதிர்ச்சி பெற்றுவிட்டது என்று லெனின் அதே ஆண்டில் எழுதினார். பைசா கொடுக்கும் கைகளாக மட்டும் கருதப்பட்டவர்கள் வரலாற்றை இயக்கும் கைகளாக எழுந்தது அப்போதுதான்.

இரண்டு மூடல்கள்

இந்த வேறுபாடு பழங்கதை அல்ல. சரியாக நூறு ஆண்டுகள் கழித்து, 2008இல், தளேகாவில் ஜெனரல் மோட்டார்ஸ் நிறுவனம் கார் ஆலையைத் திறந்தது. 2020 டிசம்பரில் உற்பத்தியை நிறுத்தியது. அடுத்த ஆண்டில் 1,419 தொழிலாளர்கள் லே-ஆஃப் செய்யப்பட்டனர். அவர்கள் ஆலை வாயிலிலும் நீதிமன்றத்திலும் போராடினர். 2023இல் ஹூண்டாய் நிறுவனத்துடன் ஏற்பட்ட விற்பனை ஒப்பந்தத்தில் நிலம் இருந்தது, கட்டடங்கள் இருந்தன, இயந்திரங்கள் இருந்தன. அந்த இயந்திரங்களை இயக்கியவர்கள் இல்லை.

இதற்கு மாறான ஒரு மூடலும் இந்தியாவில் உண்டு. 1950களில் காபி வாரியம் தனது காபி ஹவுஸ்களை மூடியபோது, தொழிலாளர்கள் வீடு திரும்பவில்லை. தோழர் ஏ.கே.கோபாலனின் வழிகாட்டலில் சங்கமாகத் திரண்டு, 1957 முதல் கூட்டுறவுச் சங்கங்கள் அமைத்து, அவற்றைத் தாங்களே ஏற்று நடத்தினர். இந்தியன் காபி ஹவுஸ் இன்றும் இயங்குகிறது. ஓவனின் கனவில் ஒரு பகுதி இங்கு நனவானது. ஆனால் அதைத் தந்தது ஒரு நல்ல முதலாளியின் இதயம் அல்ல. ஒன்றுபட்ட தொழிலாளர்களின் போராட்டம்.

கூட்டுறவுகள் மட்டுமே முதலாளித்துவத்தை வீழ்த்திவிடும் என்று இதிலிருந்து முடிவு செய்யக் கூடாது. சந்தையும் அரசதிகாரமும் மூலதனத்தின் பிடியில் இருக்கும் வரை ஒவ்வொரு கூட்டுறவும் முற்றுகையிடப்பட்ட தீவுதான். அதே சமயம், கனவு காண்பதே பிழை என்று ஒதுக்குவதும் மார்க்சியம் ஆகாது. ஒப்பந்தத் தொழிலாளியிடம் இன்றைய கூலி உயர்வைப் பற்றி மட்டும் பேசி, நாளைய சமுதாயத்தைப் பற்றிப் பேசாத சங்கம் பாதி வேலையைத்தான் செய்கிறது.

பைசா நிதியின் கண்ணாடித் தொழிலாளிக்கு உலையை அணையாமல் காக்கத் தெரிந்திருந்தது. உலை யாருடையது என்று கேட்க அவனுக்கு ஓர் அமைப்பு தேவைப்பட்டது. தளேகாவிலும் திருப்பெரும்புதூரிலும் அந்த அமைப்பைக் கட்டுவதே இன்றைய கடமை.