கோட்டையூர் தந்த ரோஜா முத்தையா

(நியூ ஜெர்சி மாநிலம் பார்சிப்பனியில், தமிழ்க் குடும்பங்களின் கூட்டத்தில் ஆற்றப்பட்ட உரை)



செட்டிநாட்டுக் கோட்டையூர் தமிழுக்கு இருவரைத் தந்தது. ஒருவர், காரைக்குடியில் கல்லூரிகளை எழுப்பிய வள்ளல் அழகப்பச் செட்டியார். அவரை நாடறியும். மற்றவர், விளம்பரப் பலகை எழுதுவதைத் தொழிலாகக் கொண்ட ரோஜா முத்தையா. அவரைப் பலர் அறியார்.

வணிகமே வாழ்வாக இருந்த சமூகம் அது. கடல் கடந்து பர்மாவிலும் மலாயாவிலும் பொருளீட்டியவனே கெட்டிக்காரன் எனப் போற்றப்பட்டான். அச்சூழலில் பிறந்த முத்தையா 1950 வாக்கில் பழைய தாள்களைத் திரட்டத் தொடங்கினார். அரிய நூல்கள் மட்டுமல்ல. இதழ்கள், நாடக நோட்டீசுகள், பாட்டுப் புத்தகங்கள், திருமண அழைப்பிதழ்கள், கடிதங்கள் என மற்றவர்கள் எடைக்குப் போட்டுவிடும் பொருள்களையும் காத்தார். இப்பணியை எவரும் அவரிடம் ஒப்படைக்கவில்லை. அவர் ஊரைப் பழிக்கவில்லை, மேடையேறி முழங்கவுமில்லை. நாற்பதாண்டுகள் சேர்த்துக்கொண்டே இருந்தார்.

1992-ஆம் ஆண்டு அவர் மறைந்தார். அவர் விட்டுச்சென்ற ஏறத்தாழ ஒரு லட்சம் ஆவணங்களை விலை கொடுத்து வாங்கியது இந்த அமெரிக்க மண்ணிலுள்ள சிகாகோ பல்கலைக்கழகம். ஆயினும் அவை கப்பலேறவில்லை. 1994-இல் சென்னையில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் உருவாயிற்று. தொட்டால் பொடியும் தாள்கள் நுண்படச் சுருள்களில் பதிவாகிப் பிழைத்தன. சாதாரண மக்கள் எதைப் படித்தார்கள், எதைப் பாடினார்கள் என்பதை ஆய்வாளர்கள் இன்று அங்கே சென்று அறிகின்றனர்.

பெற்றோர்களே, நாமும் கடல் கடந்தவர்களே. கணினியும் மருத்துவமும் இன்று நம் சமூகத்தின் பர்மாவும் மலாயாவும் ஆகிவிட்டன. வரலாறு படிக்க விரும்பும் பிள்ளையிடம் "அது சோறு போடுமா?" என்று கேட்கிறோம். கேள்வி தவறன்று, முத்தையாவும் தொழில் செய்தே வாழ்ந்தார். ஆனால் தொழிலுக்கு அப்பால் பிள்ளையின் மனம் நாடும் பணியை ஏளனம் செய்து அணைத்துவிடாதீர்கள்.

இளைஞர்களே, உங்கள் தாத்தா பாட்டி எழுதிய கடிதங்கள், தமிழ்ப் பள்ளியின் பழைய ஆண்டு மலர்கள், விழா அழைப்பிதழ்கள் இன்று எங்கே இருக்கின்றன? அடுத்த வீடு மாறும்போது அவை குப்பைக்குச் சென்றால், இந்நாட்டில் தமிழர் வாழ்ந்த கதை அவற்றுடன் போய்விடும். வீட்டுக்கு ஒரு பெட்டி ஒதுக்குங்கள். ஆண்டும் பெயரும் குறித்து வையுங்கள். அதற்குப் பெருஞ்செல்வம் வேண்டாம். ஊரார் பாராட்டும் வேண்டாம். பொறுமை போதும்.