பிள்ளையை எஜமானராக்கிய படம்

(ஆவணப்படங்கள் குறித்த கட்சி வகுப்பில் ஆற்றிய உரை)



1955 மே மாதம் பெல்ஜிய மன்னர் பொதுவேன் தம் ஆளுகைக்குட்பட்ட காங்கோவுக்குச் சென்றார். அவருக்கு அப்போது வயது 24. அப்பயணத்தை ஆந்த்ரே கோவன் வண்ணப் படமாக்கினார். படத்தின் பெயர் 'புவானா கிடோகோ'. அழகிய எஜமானர் என்பது பொருள்.

மொழிபெயர்ப்பிலேயே காலம் கழித்தவன் நான். எனவே முதலில் உறுத்தியது தலைப்புதான். காங்கோ மக்கள் மன்னருக்கு இட்ட பெயர் 'முவானா கிடோகோ'. லிங்காலா மொழியில் 'முவானா' என்றால் பிள்ளை. அழகான பிள்ளை! இது அரச கௌரவத்துக்கு ஒவ்வாது என்று கருதிய காலனி வட்டாரம், 'முவானா' இருந்த இடத்தில் சுவாஹிலியின் 'புவானா'வை அமர்த்தியது. பரிவோடு சொன்ன சொல் பணிவுச் சொல்லாயிற்று. இதையும் மொழிபெயர்ப்பு என்றே சொல்வார்கள்.

திரையில் ஆரவாரம் செய்யும் கூட்டம் பொய்யன்று. மக்கள் உண்மையிலேயே திரண்டார்கள். அந்த ஆரவாரத்தை ஆட்சிக்குக் கிடைத்த ஒப்புதலாகக் காட்டியதுதான் பொய். ரப்பருக்காகக் காங்கோ மக்களின் கைகளை வெட்டிய ஆட்சிக்கு உரியவர், இதே அரச குலத்தின் இரண்டாம் லியோபோல்டு. 1885 முதல் 1908 வரை அந்நாட்டைச் சொந்தச் சொத்தாக வைத்திருந்தும் அவர் ஒருமுறைகூட அங்கே கால் வைத்ததில்லை.

படம் எடுத்த ஆண்டின் இறுதியில் வான் பில்சன் என்ற பெல்ஜியப் பேராசிரியர், 30 ஆண்டுகளில் காங்கோவுக்கு விடுதலை வழங்கலாம் என்று எழுதினார். அதுவே அவசரம் என்று அவரைக் கண்டித்தார்கள். விடுதலையோ ஐந்தாண்டுக்குள் வந்துவிட்டது.

1960 ஜூன் 29 அன்று, திறந்த காரில் நின்று வந்த அதே மன்னரின் வாளை ஒரு காங்கோ மனிதர் உருவிக்கொண்டு ஓடினார். ஜெர்மானியரான ராபர்ட் லெபெக் எடுத்த புகைப்படம் இன்றும் அதற்குச் சாட்சி. மறுநாள் விடுதலை விழாவில் மன்னர் லியோபோல்டின் மேதைமையைப் புகழ்ந்தார். 1955இல் ஸ்டான்லிவில் அஞ்சலகத்தில் எழுத்தராக இருந்து, இப்போது பிரதமராகியிருந்த பத்ரிஸ் லுமும்பா, நிகழ்ச்சி நிரலில் இல்லாமலே எழுந்து பேசினார். நம் 'நீ', 'நீங்கள்' போல் பிரெஞ்சிலும் வேறுபாடு உண்டு. கறுப்பரை ஒருமையில் அழைத்தது நட்பினாலன்று, மரியாதைப் பன்மை வெள்ளையருக்கே ஒதுக்கப்பட்டிருந்ததால்தான் என்றார் அவர். இதை உங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை.

1961 ஜனவரி 17 அன்று கட்டாங்காவில், பெல்ஜிய அதிகாரிகள் உடனிருக்க, லுமும்பாவைச் சுட்டுக் கொன்றார்கள். உடலை அமிலத்தில் கரைத்தார்கள். 2022இல் பெல்ஜியம் அவர் குடும்பத்திடம் ஒப்படைத்தது ஒரு பல்.